சொன்னது எங்கே போகும்? உளவியலாளர்களின் தொழில் நெறிமுறை: ஓர் எளிய அறிமுகம்

உளவியலாளரின் அறைக்குள் நுழைகிறவர், பெற்ற தாயிடமும் சொல்லாததைச் சொல்லப் போகிறார். திருமணத்துக்கு முன் நடந்தது, உடன்பிறந்தவர் மீதுள்ள பொறாமை, கணவர் கை நீட்டுவது, செத்துவிடலாம் என்று இரவில் வரும் எண்ணம், எல்லாமே வெளியே வரும். எதிரே இருப்பவரோ தன்னைப் பற்றி எதையும் சொல்வதில்லை. கேட்பதுதான் அவருடைய வேலை. ஒருவர் தன்னை முழுவதுமாகக் கொட்டிவிட, மற்றவர் தன்னைத் திறக்காமலே இருக்கும் உறவில் அதிகாரம் எந்தப் பக்கம் சேரும் என்பது வெளிப்படை. அந்த அதிகாரத்துக்கு வரம்பு கட்டுவதற்காக எழுதப்பட்டதுதான் உளவியலாளர்களின் தொழில் நெறிமுறை.

இது சட்டம் அல்ல. தொழிலில் இருப்பவர்கள் கூடிப் பேசி, தங்களுக்குத் தாங்களே விதித்துக்கொண்டது. ஆனாலும் வெறும் நல்லெண்ண அறிக்கையும் அல்ல. அமெரிக்காவில் பல மாநிலங்களின் உரிம வாரியங்கள் அமெரிக்க உளவியல் சங்கத்தின் நெறிமுறையைத் தங்கள் விதிகளுக்குள் சேர்த்திருக்கின்றன. மீறினால் தொழில் செய்யும் உரிமமே பறிபோகலாம். உலகில் பல நாடுகளில் இப்படிப்பட்ட நெறிமுறைகள் இருக்கின்றன. இந்தக் கட்டுரை பெரும்பாலும் அமெரிக்க நெறிமுறையைத்தான் எடுத்துக்கொள்கிறது. அது எப்படிப் பிறந்தது, எங்கே சறுக்கியது என்ற இரண்டுமே பொதுவெளியில் பதிவாகியிருப்பது அதற்குக் காரணம். தொடக்கநிலை வாசகருக்கு அதன் வெற்றிகளைவிடச் சறுக்கல் அதிகம் கற்றுக்கொடுக்கும் என்பது என் எண்ணம்.

1892-ல் தொடங்கிய அந்தச் சங்கம் பல பத்தாண்டுகள் எழுதப்பட்ட நெறிமுறை எதுவும் இல்லாமலே இயங்கியது. உளவியல் அன்று பெரும்பாலும் பல்கலைக்கழகத்துக்குள் இருந்த துறை. இரண்டாம் உலகப் போருக்குப் பிறகு நிலைமை மாறியது. போரிலிருந்து திரும்பியவர்களுக்குச் சிகிச்சை, நிறுவனங்களில் ஆள் தேர்வு, பள்ளிகளில் பரிசோதனை என்று உளவியலாளர்கள் பொதுமக்களின் வாழ்க்கைக்குள் நேரடியாக வந்தார்கள். இனி ‘நாங்கள் நல்லவர்கள், நம்புங்கள்’ என்றால் போதாது என்ற நிலை வந்தது.

நிக்கோலஸ் ஹாப்ஸ் தலைமையிலான குழு அப்போது எடுத்த முடிவு எனக்கு மிகவும் பிடித்தமானது. நான்கு அறிஞர்கள் ஓர் அறையில் உட்கார்ந்து உயர்ந்த கொள்கைகளை எழுதிவிடலாம் என்று அவர்கள் நினைக்கவில்லை. அன்றிருந்த சுமார் 7,500 உறுப்பினர்களுக்கும் கடிதம் எழுதினார்கள். நீங்கள் நேரடியாக அறிந்த ஒரு சம்பவத்தை எழுதுங்கள், அதில் ஓர் உளவியலாளர் எது சரி, எது தவறு என்று முடிவெடுக்க வேண்டியிருந்திருக்க வேண்டும், அதில் எந்த அறச்சிக்கலை நீங்கள் கண்டீர்கள் என்றும் சொல்லுங்கள் என்று கேட்டார்கள். ஆயிரத்துக்கும் மேற்பட்ட சம்பவங்கள் வந்து சேர்ந்தன. அவற்றை வகைப்படுத்தி, விவாதித்து, வரைவுகளை வெளியிட்டுக் கருத்துக் கேட்டு, 1953-ல் முதல் நெறிமுறையை வெளியிட்டார்கள். அன்றாடத் தொழிலில் உண்மையாகவே இடறிய இடங்களிலிருந்து எழுந்த விதிகள் அவை. ஒவ்வொரு விதிக்கும் பின்னால் ஏதோ ஓர் ஊரில் யாரோ ஒருவர் தூக்கம் இழந்திருக்கிறார்.

பல பத்தாண்டுகளுக்குப் பிறகு, 1992-ல், கென்னத் போப், வலெரி வெட்டர் என்ற இரண்டு ஆய்வாளர்கள் அதே கேள்வியைச் சங்க உறுப்பினர்கள் சிலரிடம் மீண்டும் கேட்டார்கள். 679 பேர் பதில் அனுப்பினார்கள். 703 சம்பவங்கள் கிடைத்தன. அவற்றில் முதலிடம் பிடித்தது ரகசியம் காப்பது தொடர்பான சிக்கல், 18 சதவீதம். அடுத்தது சிகிச்சை உறவோடு வேறு உறவுகள் கலந்துவிடும் சிக்கல், 17 சதவீதம். இந்த இரண்டையும் புரிந்துகொண்டால் நெறிமுறையின் உயிர்நாடி பிடிபட்டுவிடும். மற்றவற்றைச் சுருக்கமாகப் பார்த்தால் போதும்.

இன்று நடைமுறையில் இருப்பது 2002-ல் ஏற்கப்பட்ட வடிவம். 2010-லும் 2016-லும் சில திருத்தங்கள் சேர்ந்தன. அதற்குள் இரண்டு அடுக்குகள் உண்டு. மேல் அடுக்கில் ஐந்து பொதுக் கொள்கைகள்: நன்மை செய்தல், தீங்கு செய்யாதிருத்தல்; நம்பிக்கைக்கு உரியவராகவும் பொறுப்புள்ளவராகவும் இருத்தல்; நேர்மை; நீதி; மனிதரின் உரிமைகளையும் கண்ணியத்தையும் மதித்தல். இவை இலட்சியங்கள். இவற்றை எட்டவில்லை என்று யாரையும் தண்டிக்க முடியாது. கீழ் அடுக்கில் பத்துப் பிரிவுகளாக விதிகள் இருக்கின்றன. தகுதி, ரகசியம், விளம்பரம், கட்டணம், ஆவணம், கற்பித்தல், ஆராய்ச்சி, பரிசோதனை, சிகிச்சை எல்லாம் அங்கே வருகின்றன. இவை கட்டாயம். மீறினால் நடவடிக்கை உண்டு. இந்த வேறுபாட்டை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள். ஒரு நல்ல வாக்கியம் மேல் அடுக்கில் இருக்கிறதா, கீழ் அடுக்கில் இருக்கிறதா என்பது பின்னால் பெரிய விஷயமாக வரப்போகிறது.

ரகசியம், அதன் எல்லை

19 வயதுக் கல்லூரி மாணவி ஒருவர் உளவியலாளரிடம் வந்துகொண்டிருக்கிறார் என்று வைத்துக்கொள்வோம். அப்பா தொலைபேசியில் அழைக்கிறார். “மேடம், ஃபீஸ் கட்டுவது நான்தான். என் மகள் உங்களிடம் என்ன சொல்கிறாள் என்று நான் தெரிந்துகொள்ளக் கூடாதா?”

“உங்கள் கவலை எனக்குப் புரிகிறது சார். ஆனால் அவர் சம்மதம் இல்லாமல் அவர் பேசியதை நான் சொல்ல முடியாது. அடுத்த முறை வரும்போது அவரிடமே கேட்கிறேன். அவர் சரி என்றால் மூன்று பேரும் உட்கார்ந்து பேசலாம்.”

அந்த அப்பா கெட்டவர் அல்லர். மகள் சாப்பிடாமல் அறைக்குள்ளேயே கிடப்பதைப் பார்த்துப் பயந்துபோனவர். ஆனாலும் பணம் கட்டுவதால் மகளின் மனத்துக்குள் நுழையும் உரிமை வந்துவிடுவதில்லை. கட்டணம் கட்டுபவர் ஒருவர், சிகிச்சை பெறுபவர் இன்னொருவர் என்றால், யாருக்கு எந்த அளவு தகவல் போகும் என்பதைத் தொடக்கத்திலேயே எல்லோரிடமும் தெளிவாகச் சொல்லிவிட வேண்டும் என்கிறது நெறிமுறை. இந்தத் தொலைபேசி அழைப்பு வருவதற்கு முன்பே அது பேசி முடிக்கப்பட்டிருக்க வேண்டும். அப்படிப் பேசாமல் விடுவதுதான் பெரும்பாலான சண்டைகளுக்கு மூல காரணம்.

சரி, ரகசியத்துக்கு எல்லை உண்டா? உண்டு. அந்த எல்லையைப் பேசும்போதெல்லாம் உலகம் முழுவதும் சொல்லப்படும் வழக்கு ஒன்று இருக்கிறது. அதில் ஓர் இந்திய மாணவரும் இருக்கிறார். வங்காளத்தைச் சேர்ந்த புரசன்ஜித் பொத்தார் 1967-ல் கப்பல் கட்டுமானப் பொறியியல் படிக்கக் கலிஃபோர்னியா பல்கலைக்கழகத்தின் பெர்க்லி வளாகத்துக்குச் சென்றார். அங்கே தத்தியானா தராசாஃப் என்ற இளம்பெண்ணோடு பழகினார். அந்த நட்பை அவர் காதல் என்று எடுத்துக்கொண்டார். அவளுக்கு அப்படி எண்ணம் இல்லை. மனம் உடைந்த அவர் பல்கலைக்கழக மருத்துவமனையில் லாரன்ஸ் மூர் என்ற உளவியலாளரிடம் சிகிச்சைக்குப் போனார். 1969 ஆகஸ்டில், அந்தப் பெண் பிரேசிலிலிருந்து திரும்பியதும் அவளைக் கொல்லப் போவதாக மூரிடம் சொன்னார். பெயரைச் சொல்லவில்லை, ஆனால் யாரென்று எளிதில் கண்டுகொள்ளலாம்.

மூர் சும்மா இருக்கவில்லை. வளாகக் காவல்துறைக்குத் தகவல் சொன்னார், கடிதமும் எழுதினார். காவலர்கள் பொத்தாரைப் பிடித்து விசாரித்தார்கள். அவர் தெளிவாகப் பேசுவதாகத் தோன்றவே, அந்தப் பெண்ணிடமிருந்து விலகியிருப்பதாக வாக்கு வாங்கிக்கொண்டு விட்டுவிட்டார்கள். மூருக்கு மேலே இருந்த மனநல மருத்துவப் பிரிவின் தலைவர், அந்தக் கடிதத்தைத் திருப்பிக் கேட்டார். பிரதிகளையும் சிகிச்சைக் குறிப்புகளையும் அழித்துவிடச் சொன்னார். இத்தனை பேருக்குத் தெரிந்திருந்தது. யாருக்குத் தெரிய வேண்டுமோ அவளுக்கும் அவள் பெற்றோருக்கும் மட்டும் யாரும் சொல்லவில்லை. 1969 அக்டோபர் 27 அன்று தத்தியானா கொல்லப்பட்டாள்.

பெற்றோர் வழக்குத் தொடுத்தார்கள். 1976-ல் கலிஃபோர்னியா உச்ச நீதிமன்றம் இறுதித் தீர்ப்பு வழங்கியது. சிகிச்சை பெறுபவரால் இன்னொருவருக்குக் கடும் ஆபத்து இருக்கிறது என்று சிகிச்சையாளர் கண்டால், அல்லது கண்டிருக்க வேண்டும் என்றால், அந்த இன்னொருவரைக் காப்பாற்ற நியாயமான முயற்சி எடுப்பது அவர் கடமை என்றது. பொதுமக்களுக்கு ஆபத்து தொடங்கும் இடத்தில் ரகசியத்தின் பாதுகாப்பு முடிகிறது என்பது அந்தத் தீர்ப்பின் சாரம். பொத்தாரின் தண்டனை, ஜூரிக்குச் சொல்லப்பட்ட சட்ட விளக்கத்தில் இருந்த குறையால் ரத்தானது. மறுவிசாரணை நடக்கவில்லை. அவர் இந்தியாவுக்குத் திரும்பினார்.

இந்தத் தீர்ப்பு எல்லோருக்கும் உவப்பாக இருக்கவில்லை. சொன்னால் போலீசுக்குப் போகும் என்று தெரிந்தால், கோபத்தில் கொதிக்கிறவர்கள் சிகிச்சைக்கே வர மாட்டார்கள், அப்போது ஆபத்து கூடத்தானே செய்யும் என்று பல சிகிச்சையாளர்கள் வாதிட்டார்கள். அதில் நியாயம் இருக்கிறது. ஆனால் கோபத்தில் வாய்க்கு வந்ததைச் சொல்வது வேறு, ஆளும் நாளும் குறித்துச் சொல்வது வேறு. இரண்டையும் பிரித்தறிவதற்குத்தான் பல ஆண்டுப் பயிற்சி. இன்றைய அமெரிக்க நெறிமுறை, சட்டம் கட்டாயப்படுத்தும்போதும், சட்டம் அனுமதிக்கும் இடத்தில் சிகிச்சை பெறுபவரையோ பிறரையோ தீங்கிலிருந்து காப்பது போன்ற காரணங்களுக்காகவும் மட்டுமே சம்மதமின்றித் தகவலை வெளியிட இடம் தருகிறது. அதுவும் தேவையான அளவு மட்டும். இந்த எல்லைகளைச் சிகிச்சையின் தொடக்கத்திலேயே சொல்லிவிட வேண்டும் என்பதும் விதி. சொல்லாமல் கேட்டுவிட்டுப் பிறகு ‘இதை நான் ரகசியமாக வைத்திருக்க முடியாது’ என்பது ஒருவகை ஏமாற்று.

இரண்டாவது சிக்கல், உறவுகள் கலப்பது. நண்பரின் மனைவிக்கு ஆலோசனை தரலாமா? தன் மாணவருக்குத் தானே சிகிச்சை அளிக்கலாமா? சிகிச்சைக்கு வரும் வீட்டுத் தரகரிடம் மனை வாங்கலாமா? நெறிமுறை எல்லாவற்றையும் ஒரேயடியாகத் தடைசெய்யவில்லை. அந்த இரண்டாவது உறவு உளவியலாளரின் நடுநிலையையோ திறமையையோ குலைக்கும் என்றால், அல்லது எதிரே இருப்பவரைச் சுரண்டவோ காயப்படுத்தவோ வழிவிடும் என்றால், அதற்குள் போகாதே என்கிறது. இப்படி வைத்ததற்குக் காரணம் உண்டு. சிறிய ஊர்களில் ஒரே உளவியலாளர்தான் இருப்பார். அவர் பிள்ளை படிக்கும் பள்ளியில்தான் சிகிச்சைக்கு வருபவரின் பிள்ளையும் படிக்கும். முழுத் தடை போட்டால் அந்த ஊரில் யாருக்கும் சிகிச்சை கிடைக்காது.

ஒன்றில் மட்டும் விட்டுக்கொடுக்க இடமே இல்லை. சிகிச்சை பெற்றுக்கொண்டிருப்பவரோடு பாலுறவு கூடாது. அவர் விரும்பினார், அவர்தான் முதலில் பேச்செடுத்தார் என்பதெல்லாம் செல்லாது. 1977-ல்தான் இது அமெரிக்க நெறிமுறையில் வெளிப்படையாக எழுதப்பட்டது. அத்தனை தாமதம் ஏன் என்று கோபம் வருகிறது. சிகிச்சை பெறுபவரின் நெருங்கிய உறவினரோடும் கூடாது. சிகிச்சை முடிந்த பிறகும் குறைந்தது இரண்டு ஆண்டுகளுக்குக் கூடாது. அதற்குப் பிறகும் மிக அரிதான சூழலில் மட்டுமே, சுரண்டல் இல்லை என்று நிரூபிக்கும் பொறுப்பு உளவியலாளர் தலையில்தான். மனக்காயத்தோடு வந்தவர் சிகிச்சையாளர் மீது கொள்ளும் ஈர்ப்பு சிகிச்சையின் பகுதியாகவே எழக்கூடியது. அதைத் தனக்குச் சாதகமாக எடுத்துக்கொள்வது, வந்த காயத்தையே ஆழப்படுத்துவது.

ஆராய்ச்சிக்கும் விதிகள் உண்டு. 1960-களின் தொடக்கத்தில் யேல் பல்கலைக்கழகத்தில் ஸ்டான்லி மில்கிரம் நடத்திய சோதனையைப் பலர் கேள்விப்பட்டிருப்பார்கள். நினைவாற்றல் ஆய்வு என்று சொல்லி அழைத்து வரப்பட்டவர்கள், அடுத்த அறையில் இருப்பவருக்கு 450 வோல்ட் வரை மின்னதிர்ச்சி கொடுப்பதாக நம்பவைக்கப்பட்டார்கள். உண்மையில் அதிர்ச்சி எதுவும் கொடுக்கப்படவில்லை. ஆனால் பொத்தானை அழுத்தியவர்கள் வியர்த்தார்கள், நடுங்கினார்கள். 1964-ல் டயானா பௌம்ரிண்ட் என்ற உளவியலாளர் இதைக் கடுமையாக விமர்சித்தார். மில்கிரமின் சங்க உறுப்பினர் விண்ணப்பமே விசாரணைக்காக நிறுத்தி வைக்கப்பட்டது. இன்றைய விதிப்படி, உடல் வலியோ கடும் மன வேதனையோ தரக்கூடிய ஆய்வில் அதை மறைத்து ஆட்களை ஏமாற்ற முடியாது. மற்ற ஆய்வுகளிலும் ஏமாற்றாமல் செய்ய வழியே இல்லை, பயனும் பெரிது என்றால்தான் இடம் உண்டு. பிறகு உண்மையைச் சொல்லிவிட வேண்டும். என் தகவலை எடுத்துவிடுங்கள் என்று பங்கேற்றவர் கேட்டால் எடுத்துவிட வேண்டும்.

ஒரு வாக்கியம் செய்த வேலை

இப்போது அந்தச் சறுக்கலுக்கு வருவோம். சட்டம் ஒன்றைச் சொல்ல, தொழில் நெறி வேறொன்றைச் சொன்னால் என்ன செய்வது? 2002 நெறிமுறை இதற்கு ஒரு விதி வைத்திருந்தது. உளவியலாளர் தன் நெறிமுறைக் கடமையை எடுத்துச் சொல்லி மோதலைத் தீர்க்க முயல வேண்டும். தீரவில்லை என்றால் சட்டத்துக்கோ, ஆளும் அதிகாரத்தின் உத்தரவுக்கோ கட்டுப்படலாம் என்றது அது. நீதிமன்றம் சிகிச்சைக் குறிப்புகளைக் கேட்கும்போது உளவியலாளர் மாட்டிக்கொள்ளக் கூடாதே என்பது போன்ற கவலைக்கு இது பொருத்தமாகத் தெரியும். மனித உரிமைகளின் அடிப்படைக் கோட்பாடுகளுக்கு இணங்க என்ற சொற்களும் நெறிமுறையில் இருந்தன. ஆனால் அவை முன்னுரையில் இருந்தன. கட்டாய விதிக்குள் இல்லை.

2001 செப்டம்பர் 11 தாக்குதலுக்குப் பிறகு அமெரிக்கா பிடித்து வைத்தவர்களைக் கியூபாவில் உள்ள தன் ராணுவத் தளமான குவாண்டநாமோவிலும் ரகசியச் சிறைகளிலும் விசாரித்தது. நீரில் மூழ்கடிப்பது போன்ற உணர்வை உண்டாக்குதல், தூங்கவிடாமல் வைத்தல் உள்ளிட்ட முறைகள் கையாளப்பட்டன. அமெரிக்க உளவு நிறுவனமான சிஐஏ-வின் விசாரணைத் திட்டத்தை வடிவமைத்ததில் இரண்டு உளவியலாளர்களுக்கு முக்கியப் பங்கு இருந்தது. அவர்களுடைய நிறுவனத்துக்கு 8.1 கோடி டாலர் கொடுக்கப்பட்டதாக 2014 டிசம்பரில் வெளியான அமெரிக்க செனட் குழு அறிக்கை சொன்னது. மனித மனம் எங்கே உடையும் என்று அறிந்தவர்களின் அறிவு, அதை உடைக்கப் பயன்பட்டது.

2005-ல் உளவியல் சங்கம் இதைப் பற்றி ஆராய ஒரு பணிக்குழு அமைத்தது. வாக்குரிமை இருந்த ஒன்பது பேரில் ஆறு பேர் ராணுவம், உளவுத்துறை போன்றவற்றோடு தொடர்புடையவர்கள். விசாரணைகளில் உளவியலாளர்கள் பங்கேற்பது நெறிமுறைக்கு உட்பட்டதே என்று அந்தக் குழு சொன்னது. குழுவில் இருந்த ஜீன் மரியா அரிகோ பின்னர் வெளிப்படையாக எதிர்த்துப் பேசினார். அடுத்த ஆண்டே அமெரிக்க மனநல மருத்துவர்கள் சங்கம், தன் உறுப்பினர்கள் விசாரணைகளில் நேரடியாகப் பங்கேற்கக் கூடாது என்று அறிவித்தது. ஒரே நாடு, ஒரே காலம், பக்கத்துப் பக்கத்துத் தொழில்கள். ஒன்று கூடாது என்றது, மற்றொன்று கூடும் என்றது.

உறுப்பினர்கள் சும்மா இருக்கவில்லை. சங்கத்துக்கான உறுப்பினர் கட்டணத்தைக் கட்ட மறுத்தார்கள், விலகினார்கள், கையெழுத்து திரட்டினார்கள். 2008-ல் நடந்த உறுப்பினர் வாக்கெடுப்பில், சர்வதேசச் சட்டத்துக்குப் புறம்பாக ஆட்களை அடைத்து வைத்திருக்கும் இடங்களில் உளவியலாளர் பணியாற்றக் கூடாது என்ற தீர்மானம் வென்றது. சட்டமும் தொழில் நெறியும் மோதினால் என்ன செய்வது என்று சொன்ன அந்த விதி 2010-ல் திருத்தப்பட்டது. மனித உரிமை மீறலை நியாயப்படுத்த எந்தச் சூழலிலும் இந்த விதியைப் பயன்படுத்தக் கூடாது என்ற வாக்கியம், இந்த முறை கட்டாய விதிக்குள்ளேயே சேர்ந்தது. 2015-ல் வழக்கறிஞர் டேவிட் ஹாஃப்மன் தயாரித்த விசாரணை அறிக்கை, சங்கத்தின் சில பொறுப்பாளர்கள் பாதுகாப்புத் துறை அதிகாரிகளோடு கூட்டாகச் செயல்பட்டு நெறிமுறை வழிகாட்டுதல்களைத் தளர்வாக வைத்திருந்தார்கள் என்றது. குற்றம் சாட்டப்பட்டவர்கள் அதை மறுத்தார்கள், வழக்கும் தொடர்ந்தார்கள். அதே ஆண்டு ஆகஸ்டில் டொராண்டோவில் கூடிய சங்கத்தின் பேரவை, தேசியப் பாதுகாப்பு விசாரணைகளில் உளவியலாளர்கள் பங்கேற்பதைத் தடைசெய்தது. ஆதரவாக 157 வாக்குகள், எதிராக ஒன்று.

கனடாவில் வேறு வழி பிடித்தார்கள். அங்குள்ள சங்கம் 1986-ல் வெளியிட்ட நெறிமுறையில் நான்கு கொள்கைகளையும் வரிசைப்படுத்தி வைத்தார்கள். மனிதரின் கண்ணியத்தை மதிப்பது முதலில், சமூகத்துக்கான பொறுப்பு நான்காவது. இரண்டும் மோதினால் பொதுவாக முன்னால் இருப்பதற்கே அதிக எடை. நாட்டின் பாதுகாப்புக்காக ஒருவரை வதைக்கலாம் என்ற வாதம் அந்த வரிசையில் நுழைவதே கடினம். எனக்கு இந்த வரிசை முறை அதிக நேர்மையாகப் படுகிறது, ஏனென்றால் நெருக்கடி வருவதற்கு முன்பே எது முதன்மை என்று சொல்லிவிடுகிறது.

இந்தியாவில் உளவியலாளரிடம் செல்பவர்கள் தெரிந்துகொள்ள வேண்டியவை சில. 2017-ன் மனநலப் பாதுகாப்புச் சட்டத்தின் 23-ஆவது பிரிவு, மனநோய்க்குச் சிகிச்சை பெறுபவரின் தகவல் ரகசியமாகக் காக்கப்படுவதை அவருடைய உரிமையாக்குகிறது. வேறொருவரைத் தீங்கிலிருந்தோ வன்முறையிலிருந்தோ காக்க வேண்டிய சூழல் அதற்கு ஒரு விதிவிலக்கு. குழந்தைகள் மீதான பாலியல் குற்றம் பற்றித் தெரியவந்தால் ரகசியம் என்று மூடி வைக்க முடியாது. 2012-ன் போக்சோ சட்டத்தின் 19-ஆவது பிரிவுப்படி காவல்துறைக்குத் தெரிவித்தாக வேண்டும். ஆகவே நல்ல உளவியலாளர் முதல் சந்திப்பிலேயே இந்த விதிவிலக்குகளைச் சொல்லுவார். சொல்லாவிட்டால் நீங்களே கேளுங்கள்: நான் சொல்வதை எப்போது வெளியே சொல்வீர்கள்? என்ன குறிப்பு எடுக்கிறீர்கள்? அதை யார் பார்க்க முடியும்? கட்டணம் எவ்வளவு, வராமல் போனால் என்ன கணக்கு? இந்தக் கேள்விகளுக்கு முகம் சுளிப்பவரிடம் இரண்டாம் முறை போக வேண்டியதில்லை.

தகுதியையும் கேட்கலாம். மருத்துவ உளவியலாளராகத் தொழில் செய்பவர் இந்திய மறுவாழ்வு மன்றத்தின் பதிவேட்டில் இருக்க வேண்டும், அவருக்கென்று ஒரு பதிவு எண் இருக்கும். ஆலோசகர் என்ற பலகையை மட்டும் மாட்டிக்கொண்டிருப்பவர் என்ன படித்தார், எங்கே பயிற்சி பெற்றார், யாருடைய மேற்பார்வையில் வேலை செய்கிறார் என்று கேட்டுத் தெரிந்துகொள்ள வேண்டும். பதிவு எண் இருப்பவரைப் பற்றிப் புகார் சொல்ல ஓர் அமைப்பு இருக்கிறது. எந்தப் பதிவும் இல்லாதவர் நெறி தவறினால், காவல் நிலையத்தையோ நுகர்வோர் ஆணையத்தையோ தேடித்தான் போக வேண்டியிருக்கும்.